தணல் சுடாத கால்

மகனே, இந்தக் கடிதம் கையில் கிடைத்ததும் ஓரிடத்தில் உட்கார்ந்து, இடது செருப்பைக் கழற்றி, உள்ளங்காலைத் திருப்பிப் பார். புண் இருக்கிறதா, கொப்புளம் இருக்கிறதா, கல் ஏதும் குத்தி நிற்கிறதா என்று பார். குனிந்தும் கண்ணுக்கு எட்டாவிட்டால், நீ வேலை செய்யும் ஹோட்டலில் கண்ணாடிக்கா பஞ்சம், ஒன்றைத் தரையில் வைத்துப் பார். பார்த்துவிட்டு மீதியை வாசி. சுகம் விசாரிப்பதெல்லாம் பிறகு. அம்மா சுகமாக இருக்கிறாள். நான் இருக்கிறேன்.

ஞாயிற்றுக்கிழமை நீ பாசிக்குடாவிலிருந்து போன் எடுத்து, "அப்பா, இந்த முறை தீமிதிப்புக்கு நான் காப்புக் கட்டப்போறன். உங்கட மத்தக் காலுக்காக அம்மனுக்கு நேந்திருக்கன்" என்று சொன்னாய். "சரி மனே, பாப்பம்" என்று சொல்லிவிட்டு போனை அம்மாவிடம் கொடுத்தேன். அப்படிச் சொல்லியிருக்கக் கூடாது. போனில் உன்னோடு வாதாட எனக்கு வராது. நீயும் நாலு வார்த்தைக்கு மேல் பேசமாட்டாய், ஐந்தாவது வார்த்தையில் "மறுகா எடுக்கிறன்" என்று வைத்துவிடுவாய். அதனால்தான் எழுதுகிறேன். இதைப் பெட்டிக்குள் பூட்டி வைக்க வேண்டாம். கோயில் நிர்வாகம் பார்க்கிற வண்ணக்கருக்கும் வாசித்துக் காட்டு, ஊரில் யார் கேட்டாலும் வாசித்துக் காட்டு. இவ்வளவு காலமும் நான் வாயை மூடிக்கொண்டிருந்த விஷயம் இது.

நான் வாவியில் தொழில் செய்தவன் என்பது உனக்குத் தெரியும். எப்படிச் செய்தேன் என்பதை நீ கவனித்திருக்கமாட்டாய். இடுப்பளவு தண்ணீரில் இறங்கி வலை வீசுகிறவனுக்குக் கண்ணால் பெரிய உபகாரம் இல்லை, தண்ணீர் எப்போதும் கலங்கித்தான் கிடக்கும். காலால்தான் பார்க்க வேண்டும். சேறு எங்கே முடிகிறது, மணல் எங்கே தொடங்குகிறது, சிப்பி கிடக்கிற இடம், கண்டல் வேர் நீண்டு வந்திருக்கிற இடம், எல்லாம் உள்ளங்கால் சொல்லும். இறால் கணுக்காலில் உரசிப் போகிற போக்கிலேயே கூட்டம் எந்தப் பக்கம் திரும்புகிறது என்று எனக்குத் தெரியும். இதை ஒரு திறமை என்று நான் நினைத்ததே இல்லை. மூச்சு விடுவதை யாராவது திறமை என்று நினைப்பார்களா? போன பிறகுதான் அப்படி ஒன்று இருந்தது என்றே தெரிந்தது.

அது எப்போது போனது என்று என்னால் சரியாகச் சொல்ல முடியாது. எனக்குத் தெரிந்திருக்க வேண்டிய முதல் நாள், சுனாமிக்குப் பிறகு உன் தங்கச்சியைத் தேடித் திரிந்த நாட்களில் வந்தது. அப்போது நமக்கு வீடு கடலுக்கும் வாவிக்கும் நடுவிலே அந்த மணல் திட்டில். உனக்குப் பதினைந்து வயது, அவளுக்கு ஒன்பது. நீயும் நானும் இடிந்த சுவர்களுக்குள்ளும் கம்பி வேலிகளுக்குள்ளும் மூன்று நாள் தேடினோம். உனக்கு யாரோ ஒரு செருப்புக் கொடுத்திருந்தார்கள், நான் வெறுங்கால். நாலாம் நாள் அவளைக் கண்டோம். அதை நான் உனக்கு எழுதத் தேவையில்லை. அன்று பின்னேரம் பள்ளிக்கூட முகாமில் ஒரு நர்ஸ் பிள்ளை என் காலைக் கழுவிப் பார்த்து, விரல் நீளத்துக்கு ஒரு கண்ணாடித் துண்டை வலது பாதத்திலிருந்து இழுத்து எடுத்தாள். "ஐயா, இது நோகல்லையா?" என்று கேட்டாள். "எனக்கு நோகிறதுக்கு இனி என்னம்மா இருக்கு" என்றேன். சுற்றி நின்றவர்கள் அழுதுவிட்டார்கள். நீயும் அழுதாய். அந்தப் பிள்ளை மட்டும் அழாமல், "துக்கம் வேற, இது வேற ஐயா. சீனி வருத்தம் இருக்கா எண்டு ஒருக்கா ரத்தம் பாருங்க" என்றாள். எனக்குக் கோபம்தான் வந்தது. பிள்ளையைப் புதைத்துவிட்டு வந்து நிற்கிறவனிடம் சீனியைப் பற்றிப் பேசுகிறாளே என்று. நான் ரத்தம் பார்க்கப் போகவில்லை. என் கால் மரத்தது துக்கத்தால்தான் என்று நம்பினேன். நம்புவதற்கு அது நன்றாக இருந்தது மகனே, உண்மையைச் சொல்கிறேன். தகப்பன் என்றால் இப்படித்தான் மரத்துப்போக வேண்டும் என்று ஒரு பெருமைகூட இருந்தது.

பிறகு உள்ளே தள்ளிக் கட்டிக் கொடுத்த வீட்டுக்கு வந்தோம். திரும்பவும் தோணி எடுத்தேன். முழங்கால் தண்ணீரில் விழத் தொடங்கினேன். நாற்பது வருஷம் நடந்த வாவியில், காற்றும் இல்லை, அலையும் இல்லை, பொத்தென்று விழுவேன். கூட்டாளிகள் கசிப்புச் சாராயம் மணக்கிறதா என்று என் வாயருகே மூக்கை வைத்துப் பார்த்தார்கள். ஒருநாள் கிணற்றடியில் கண்ணை மூடி முகத்துக்குச் சவர்க்காரம் போட்டவன் அப்படியே சரிந்து வாளியோடு விழுந்தேன். அம்மா ஓடிவந்து தூக்கிவிட்டு, "இஞ்சேருங்க, நிண்ட நிலையில நித்திரையா?" என்று சிரித்தாள். அந்த வீட்டில் அவள் சிரித்தது அதுதான் முதல் தடவை. அதனால் நானும் சிரித்தேன். கண்ணை மூடினால் எனக்குக் கால் இருப்பதே தெரிவதில்லை என்பதை அவளிடம் சொல்லவில்லை.

அதற்குப் பிறகு இயக்கத்துக்கு ஆள் பிடிக்கிறவர்கள் உன்னை வன்னிக்குக் கொண்டுபோனார்கள். உன்னையும் பூரணம் மாமியின் மகனையும் ஒரே நாளில், ரியூசன் முடிந்து வருகிற ஒரே தெருவில். அடுத்த வேலிக்காரி அவள், புருஷன் இல்லாதவள், இருந்தது அந்த ஒரு பிள்ளை. மூன்று வருஷம் அவளும் உன் அம்மாவும் வேலிக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் நின்று வானொலி கேட்டார்கள். வன்னியில் சண்டை எல்லாம் முடிந்துவிட்டது என்று ஒருநாள் வானொலி சொன்னது. யார் செத்தார்கள், யார் இருக்கிறார்கள் என்று அது சொல்லவில்லை. அந்த வருஷத் தீமிதிப்புக்கு நானும் பூரணமும் காப்புக் கட்டினோம். அவரவர் பிள்ளை திரும்பி வர வேண்டும், நேர்த்தி அவ்வளவுதான்.

இனி எழுதப் போவதை மெதுவாக வாசி. மஞ்சள் உடுப்போடு தலையில் தண்ணீர் ஊற்றிக்கொண்டு வரிசையில் நின்றோம். பூரணம் எனக்கு முன்னால். பறை அடிக்கிறது, எல்லோரும் அரோகரா போடுகிறார்கள். அவள் தணலில் இறங்கி நாலடி வைத்தாள். ஐந்தாவது அடியில் "எண்ட அம்மா!" என்று கத்திக்கொண்டு பக்கவாட்டில் பாய்ந்து வெளியே விழுந்தாள். அடுத்து நான். மற்றவர்கள் ஓட்டமும் நடையுமாகக் கடக்கிற குழியை நான் ஆற அமர, தலையைக் குனிந்து, ஒவ்வொரு அடியாகப் பார்த்து வைத்து நடந்தேன். ஊர் அதைப் பக்தி என்றது. கீழே பார்க்காமல் நடந்தால் விழுந்துவிடுவேன் என்பதால் அப்படி நடந்தேன் மகனே, வேறொன்றும் இல்லை. கால் சுடவே இல்லை. கோயில் தரையில் நடக்கிற மாதிரி இருந்தது. மறுகரையில் ஏறியதும் வண்ணக்கர் கையெடுத்துக் கும்பிட்டு, "தாய் இவர்ர காலுக்குக் கீழ கையக் குடுத்திட்டா!" என்று கத்தினார். என்னைவிட மூத்தவர்கள் என் காலில் விழுந்தார்கள். நானும் அழுதேன். அம்மன் ஏற்றுக்கொண்டாள் என்று அன்று மனதார நம்பினேன், அதில் கள்ளம் இல்லை. மூன்று கிழமைக்குள் நீ தடுப்பு முகாமில் இருக்கிறாய் என்று உன் கையெழுத்தில் ஒரு துண்டுக் கடிதம் வந்தது. அதற்குப் பிறகு ஊரில் யாருக்குச் சந்தேகம் வரும்?

பூரணத்தின் பிள்ளையைப் பற்றி இன்றுவரை ஒரு சேதியும் இல்லை. ஊர் அதற்கும் ஒரு காரணம் கண்டுபிடித்தது. காப்புக் கட்டிய பிறகு அவள் வீட்டில் மீன் மச்சம் பட்டிருக்கும், மீன்காரி கைதானே, சுத்தமில்லாமல் இறங்கியிருப்பாள், அதுதான் சுட்டது, அதுதான் பிள்ளை வரவில்லை. தேத்தண்ணிக் கடையில் என் முன்னால்தான் அதைப் பேசினார்கள். "நீங்க என்ன சொல்லுறீங்க அண்ணன்?" என்று என்னிடம் கேட்டார்கள், நான்தானே சுடாமல் ஏறியவன். நான் தலையை ஆட்டினேன். ஆமென்றும் இல்லை, இல்லையென்றும் இல்லை, ஒரு ஆட்டு. அவர்களுக்கு அது போதுமாக இருந்தது. என் வாழ்க்கையில் நான் செய்த மிகக் கேவலமான காரியம் அந்தத் தலையாட்டல்தான்.

அம்மன் கையைக் கொடுத்த கால் ஒரு மாதத்தில் மணக்கத் தொடங்கியது. உள்ளங்கால் தோல் முழுக்க வெந்து உரிந்திருந்தது, எனக்குத் தெரியவில்லை. தெரிந்த பிறகும் மஞ்சளும் வேப்பிலையும் வைத்துக் கட்டி மறைத்தேன். சுட்டது என்று வெளியே தெரிந்தால் அம்மனின் பெயருக்கு என்ன ஆகும், அதைவிட, என் பெயருக்கு என்ன ஆகும்? வாவியில் போத்தல் ஓடு வெட்டியது என்று எல்லோருக்கும் சொன்னேன், நீ வந்தபோது உனக்கும் அதைத்தான் சொன்னேன். ஆஸ்பத்திரிக்குப் போகும்போது கணுக்கால்வரை கறுத்துவிட்டது. அந்தக் காலை முழங்காலுக்குக் கீழே எடுத்தார்கள், மற்றக் காலில் வெந்தது எப்படியோ ஆறிவிட்டது. அங்கேதான் சீனி எவ்வளவு என்று முதல் தடவையாகப் பார்த்தார்கள். குறித்ததைப் பார்த்த டாக்டர் என்னை ஏற இறங்கப் பார்த்தார்.

எனக்குப் புத்தி வந்தது கால் போனபோதுகூட இல்லை. பொய்க்கால் போட்டு நடக்கப் பழக்கிய பிசியோ மிஸ், ஒருநாள் என் மிச்சக் காலை மடியில் வைத்து, கண்ணை மூடச் சொன்னாள். கையில் ஒரு தங்கூசி நூல் துண்டு வைத்திருந்தாள், நாங்கள் வலை பின்னுகிற அதே நைலோன் நூல். "தொடக்குள்ள சொல்லுங்க ஐயா" என்றாள். நான் காத்துக்கொண்டே இருந்தேன். "இன்னும் தொடல்லயா மிஸ்?" என்று கேட்டேன். "பத்து இடத்தில தொட்டுட்டன் ஐயா" என்றாள். பிறகு பக்கத்துக் கட்டிலில் உட்கார்ந்து விளங்கப்படுத்தினாள். "உங்கட காலுக்குப் பலம் இருக்கு. மூளை நட எண்டு சொல்லுறது காலுக்குப் போகுது. கால் திருப்பிச் சொல்லுறதுதான் மூளைக்கு வாறல்ல. எங்க நிக்கிறன், கல்லா மண்ணா, சூடா குளிரா, ஒண்ணும் வாறல்ல. அந்தச் சேதி வராட்டி எவ்வளவு பலம் இருந்தும் நடை இல்ல." வாவியில் விழுந்தது, கிணற்றடியில் சரிந்தது, எல்லாம் எனக்கு ஒவ்வொன்றாகக் கண்முன் வந்தது. இருட்டானால் வெளியே போகாமல் இருந்தது, பிறகு பகலிலும் போகாமல் இருந்தது, யாரோடும் பேசப் பிடிக்காமல் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தது, அதுவும் இதில் சேர்ந்ததுதான் என்றாள். கால் வைக்கிற இடத்தை நம்ப முடியாதவன் வீட்டுக்குள் சுருங்குவான், வீட்டுக்குள் சுருங்கியவனுக்கு மனமும் சுருங்கும் என்றாள். "தணலுக்கு மேல நடந்தா மிஸ்?" என்று கேட்டேன். ஏன் கேட்கிறேன் என்று அவளுக்குத் தெரியாது. "எரியும் ஐயா. உங்களுக்குத் தெரிய வராது, அவ்வளவுதான்" என்றாள்.

இப்போது உன் காலுக்கு வருகிறேன். போன வருஷம் சித்தாண்டிக் கோயிலுக்குப் போய்த் திரும்பும்போது மழை பெய்து தரை சேறாக இருந்தது. நீ முன்னால், நான் ஊன்றுகோலோடு பின்னால். உன் இடது செருப்பு சேற்றில் கழன்று நின்றுவிட்டது. நீ அது இல்லாமலே சரளைக் கல்லில் இருபதடி நடந்துபோனாய். நான் கூப்பிட்ட பிறகுதான் குனிந்து பார்த்தாய். பார்த்துவிட்டு, "இடுப்பில ஷெல் துண்டு பட்ட நாளிலிருந்து இந்தக் கால் செத்துப்போய்த்தான் அப்பா கிடக்கு, ஒரு கரைச்சலும் இல்ல" என்று சிரித்தாய். நானும் உன்னோடு சேர்ந்து சிரித்தேனே மகனே, எனக்கு எங்கே போனது புத்தி! கரைச்சல் கொடுக்காத கால்தான் பெரிய கரைச்சல் என்பதைக் காலைக் கொடுத்துப் படித்தவன் நான். அன்றே உன்னை மடக்கிப் பிடித்துச் சொல்லியிருக்க வேண்டும். சொன்னால் என் தீமிதிப்புக் கதையும் கூடவே வெளியே வரும் என்று விழுங்கிவிட்டேன்.

உனக்கு மரத்தது கால் மட்டும்தானா என்றும் நான் யோசிப்பதுண்டு. முகாமிலிருந்து வந்தபின் நீ அழுது நான் காணவில்லை. பூரணத்தின் வீட்டுப் பக்கம் நீ திரும்பிப் பார்ப்பதில்லை. அவள் பிள்ளையைக் கடைசியாக எங்கே கண்டாய் என்று அவள் கேட்டபோது, "தெரியாது மாமி" என்று சொல்லிவிட்டு ஒரு பிளேட் சோறு தின்றாய். உன்னைக் குறை சொல்லவில்லை. எனக்கு அந்த இடம் தெரியும், அதில் நான் பல வருஷம் நின்றிருக்கிறேன். அங்கே நோகாது. நோகாமல் இருப்பது சுகம் என்று நினைத்துக்கொண்டே ஆள் அழுகிப்போவான்.

இதை எழுதத் தொடங்குவதற்கு முன், நேற்றுக் காலையில் உன் அம்மாவிடம் முதலில் சொன்னேன். முற்றத்தில் மீன் வெட்டிக்கொண்டிருந்தாள். எல்லாவற்றையும் சொல்லி முடித்தேன். கத்தியை நிறுத்தாமல், "எனக்குத் தெரியும்" என்றாள். "அண்டைக்குக் கோயிலால வந்தோடன உங்கட கால நான்தானே கழுவினன். தோல் எண்ட கையோட வந்திச்சி. நீங்க சிரிச்சிக்கிட்டு இருந்தீங்க." பிறகு ஏன் ஒரு வார்த்தை சொல்லவில்லை என்று கேட்டேன். அப்போதுதான் கத்தியைக் கீழே வைத்தாள். "நம்மட புள்ள வந்ததுக்கு ஒரு காரணம் இருக்கு எண்டு நினைச்சாத்தான் எனக்கு நித்திரை வந்திச்சி. ஒரு காரணமும் இல்லாம வந்தவன் எண்டா, ஒரு காரணமும் இல்லாமத் திரும்பவும் போயிருவானே" என்றாள். அவள் அழுத அழுகையை நான் எழுதமாட்டேன். எழும்பிக் கையைக் கழுவிவிட்டு, "வாங்க, பூரணத்திட்டப் போவம்" என்றாள்.

போனோம். பூரணம் வாசலில் நின்றவாறே கேட்டாள். நான் பொய்க்காலைக் கழற்றி அவள் முன்னால் வைத்துவிட்டுத்தான் சொன்னேன், நின்றுகொண்டு சொல்ல எனக்குத் தைரியம் வரவில்லை. என் கால் செத்த கால், அதனால் சுடவில்லை. பூரணம், உன் கால் உயிருள்ள கால், அதனால் சுட்டது. நீ மச்சமும் படவில்லை, ஒரு பிழையும் விடவில்லை என்றேன். கோபப்படுவாள், செருப்பால் அடிப்பாள் என்று நினைத்துப் போயிருந்தேன். அவள் கேட்டது ஒன்றுதான். "அப்ப எண்ட புள்ள வராததுக்கு நான் காரணம் இல்லையா அண்ணன்?" இல்லை என்றேன். "இவ்வளவு நாளும் நான் எண்டுதானே நினைச்சன்" என்றாள். சொல்லிவிட்டு அப்படியே படியில் உட்கார்ந்துவிட்டாள். தன்னிடம் பிழை என்று நினைத்தவரைக்கும் அவளுக்குப் பிடித்துக்கொள்ள ஏதோ ஒன்று இருந்திருக்கிறது, நான் அதையும் பிடுங்கிவிட்டேனோ என்று அங்கே இருக்கும்போதே தோன்றியது. உன் அம்மா அவள் பக்கத்தில் போய் உட்கார்ந்தாள். நான் பொய்க்காலை மாட்டிக்கொண்டு வந்துவிட்டேன்.

ஆகவே கேள். நீ உயிரோடு வந்தது என் காலால் அல்ல. எதனால் என்று எனக்குத் தெரியாது, தெரிந்தவர் யாரும் இருப்பதாகவும் தெரியவில்லை. அதனால் அதற்குப் பதிலாக நீ யாருக்கும் உன் காலைக் கொடுக்க வேண்டியதில்லை. என் மிச்சக் காலில் இருக்கிற புண் சின்னது, கிளினிக்கில் மருந்து கட்டுகிறார்கள், நானும் தினமும் கண்ணாடியில் பார்க்கிறேன். உன்னையும் அழைத்துவரலாமா என்று பிசியோ மிஸ்ஸிடம் கேட்டு வைத்திருக்கிறேன். அடிபட்ட நரம்பு முழுக்கச் செத்திருக்காது, சாக்குத் துணியால் தேய்த்து, மணலில் நிற்க வைத்து, மிச்சத்தை வேலை வாங்கலாம் என்கிறாள். கொஞ்சம் உணர்ச்சி திரும்பினால் முதலில் வருவது நோவுதானாம். அது வந்தால் பயப்படாதே. காலுக்கு வந்தாலும் சரி, வேறெங்கே வந்தாலும் சரி.

அம்மனோடு எனக்குக் கோபம் இல்லை, உனக்கும் வேண்டாம். கும்பிடு, பொங்கல் வை, காவடி எடு. தணலில் மட்டும் இறங்காதே. ஒருவேளை பிடிவாதமாக வெள்ளிக்கிழமை காப்புக் கட்ட வந்து நிற்பாயானால், ஒன்றை நினைத்துக்கொள். இந்த வருஷமும் பூரணம் காப்புக் கட்டுகிறாள், பிள்ளைக்காகத்தான், இன்னும் விடவில்லை. உன் செத்த காலோடு நீ சுடாமல் மறுகரையில் ஏறினால், ஊர் உன்னைக் கும்பிட்டுவிட்டுத் திரும்பி அவளைத்தான் பார்க்கும்.